வானதூதர் மொழியின் ஓசை

ஏதேன் தோட்டத்தில் விலங்குகளுக்குப் பெயரிட்ட ஆதாம் எந்த மொழியில் பேசினான் என்னும் கேள்வி, பதினாறாம் நூற்றாண்டு ஐரோப்பிய அறிஞர்களுக்குப் பொழுதுபோக்கான கேள்வியாக இருக்கவில்லை. அந்த முதல்மொழியில் பெயரும் பொருளும் பிரியாமல் ஒன்றியிருந்தன என்றும், ஒன்றின் பெயரைப் பிசகின்றி ஒலிப்பவர் அப்பொருளின்மீதே ஆணை செலுத்தலாம் என்றும் அவர்களுள் பலர் நம்பியதால், மொழியைத் தேடுவது ஆற்றலைத் தேடுவதாகவும் ஆயிற்று. எபிரேயமே அம்மொழி என்பது பெரும்பான்மையோர் கருத்து. ஆண்ட்வெர்ப் நகரத்து மருத்துவரான கோரோப்பியஸ் பெக்கானஸ் என்பவரோ, தம் ஊரைச் சுற்றி வழங்கிய பிராபண்ட் வட்டாரப் பேச்சே ஆதாமின் மொழி என்று 1569-இல் வெளியிட்ட நூலில் வாதிட்டார். இந்தத் தேடலில் ஆங்கிலேயரான ஜான் டீயும் அவருடைய துணைவர் எட்வர்ட் கெல்லியும் 1583, 1584 ஆகிய இரண்டு ஆண்டுகளில் எழுதிவைத்த மொழி தனியிடம் பெறுகிறது. மற்றவர்கள் இருக்கும் மொழிகளுக்குள் முதல்மொழியைத் தேட, இவர்கள் எவரும் கேட்டிராத ஒன்றைத் தூதர்கள் வாயிலாகப் பெற்றதாகப் பதிவுசெய்து, அதன் எழுத்துகளையும் சொற்களையும் உச்சரிப்புக் குறிப்புகளையும் ஏடுகளில் விட்டுச்சென்றனர்.

டீ தம் குறிப்புகளில் இதனைத் தூதர் மொழி என்றும் வானப் பேச்சு என்றும் குறித்தார். விவிலியம் கூறும் ஏனோக்கே தமக்கு முன் இதனை அறிந்த கடைசி மனிதர் என்று அவர் நம்பியதால், பின்வந்தோர் இதற்கு ஏனோக்கியம் என்று பெயரிட்டனர். அந்தப் பெயரே நிலைத்தது. இம்மொழியின் வரலாற்றைப் பயில்பவருக்கு முதலில் புலப்படும் முரண் ஒன்றுண்டு: இதன் மந்திர ஆற்றல் முழுவதும் சரியான ஒலிப்பில் அடங்கியிருப்பதாகச் சொல்லப்பட்டது, ஆனால் இதன் பெரும்பகுதி செவியால் கேட்கப்படாமல், ஒவ்வோர் எழுத்தாகக் கண்ணால் காணப்பட்டே எழுதப்பட்டது. ஒலி பின்னர்தான் வந்தது. அந்த ஒலியை யார், எவ்வாறு கொடுத்தனர் என்பதே இம்மொழியின் நானூறு ஆண்டு வரலாற்றில் மிக ஆழமான பகுதி.

1527-இல் இலண்டனில் பிறந்த டீ, தம் காலத்து இங்கிலாந்தின் முன்னணிக் கணித அறிஞர்களுள் ஒருவர். யூக்லிடின் நூல் முதன்முதலாக ஆங்கிலத்தில் 1570-இல் வெளிவந்தபோது அதற்குக் கணிதக் கலைகள் அனைத்தையும் வகைப்படுத்தும் நீண்ட முன்னுரை எழுதியவர் அவரே. அரசி எலிசபெத் முடிசூடுவதற்கு நாள் குறித்துக் கொடுத்தவரும் அவரே. தேம்ஸ் ஆற்றங்கரையில் மோர்ட்லேக் என்னும் ஊரில் இருந்த அவருடைய வீட்டு நூலகம், அந்நாளைய இங்கிலாந்தின் தனியார் நூலகங்களுள் தலைசிறந்த ஒன்று. எழுத்துகளையும் எண்களையும் மாற்றி அடுக்கி மறைபொருள் காணும் யூத மரபு, அகிரிப்பா 1533-இல் முழுமையாக அச்சிட்ட மறைவியல் நூலில் உள்ள எழுத்துக் கட்டங்கள், டிரித்தேமியஸ் எழுதிய மறையெழுத்து நூல் ஆகியவை அவருக்கு நன்கு தெரிந்தவை. டிரித்தேமியஸ் நூலின் கையெழுத்துப் படியை 1563-இல் ஆண்ட்வெர்ப்பில் கண்ட அவர், அதனை இரவுபகலாகத் தம் கையாலேயே படியெடுத்தார். இயற்கையை அளந்து கணித்து அறிய முயன்ற ஒருவர், அந்த அறிவு தம்மை இறைவனிடம் கொண்டுசெல்லவில்லை என்று மனம் வருந்தி, தூதர்களிடமே கேட்டறிய முனைந்தார் என்பதை ஏளனத்துக்கு உரிய வீழ்ச்சியாகக் காண்பது அவர் காலத்தைப் புரிந்துகொள்ளாமை ஆகும். அவருக்கு அது கணிதத்தின் நீட்சி.

ஆனால் டீயால் தூதர்களைக் காணவோ கேட்கவோ இயலவில்லை. அதற்கு ஓர் இடையாள் தேவைப்பட்டார். வுஸ்டர் நகரில் 1555-இல் பிறந்த கெல்லி, டால்பட் என்னும் பெயரைச் சொல்லிக்கொண்டு 1582 மார்ச் மாதத்தில் மோர்ட்லேக் வீட்டுக்கு வந்தார். காட்சிக்கல் எனப்பட்ட பளிங்குக் கல்லைக் கெல்லி உற்றுநோக்கித் தாம் காண்பதையும் கேட்பதையும் உரக்கச் சொல்ல, டீ அருகே அமர்ந்து எழுதுவது என்று அவர்களின் அமர்வுகள் நடந்தன. ஆகவே இம்மொழியின் ஒவ்வோர் ஒலியும் கெல்லியின் வாயிலிருந்து டீயின் செவிக்குச் சென்று, அங்கிருந்து எலிசபெத் காலத்து ஆங்கிலக் கையெழுத்தில் இறங்கியது. இந்த வழித்தடத்தை மறந்துவிட்டு இதன் ஒலியமைப்பைப் பேச முடியாது.

1583 மார்ச் 26 அன்று எழுத்துகள் முதன்முதலாகத் தோன்றின. அவை இருபத்தொன்று, வலமிருந்து இடமாக எழுதப்படுபவை. அவற்றின் சரியான வடிவம் அவ்வாண்டு மே மாதத்தில் கிடைத்தது பற்றி டீ எழுதிய குறிப்பு மனத்தில் நிற்பது: கெல்லியால் அவ்வடிவங்களைப் பார்த்து வரைய இயலாதபோது, அவை தாளின்மீதே வெளிர்மஞ்சள் நிறக் கோடுகளாகத் தோன்றின என்றும், அவற்றின்மேல் கெல்லி கருமை பூசி வரைந்தார் என்றும் அதில் காண்கிறோம். ஒவ்வோர் எழுத்துக்கும் ஒரு பெயர் உண்டு. எபிரேயத்திலும் கிரேக்கத்திலும் எழுத்தின் பெயர் அந்த எழுத்தின் ஒலியிலேயே தொடங்கும். 'பேத்' என்பது பகரத்தின் பெயர், 'டெல்டா' என்பது டகரத்தின் பெயர். தூதர் எழுத்துகளிலோ 'அ' ஒலிக்கு 'உன்' என்றும், 'எ' ஒலிக்கு 'கிராஃப்' என்றும், மகரத்துக்கு 'டால்' என்றும், ரகரத்துக்கு 'டான்' என்றும், 'ஒ' ஒலிக்கு 'மெத்' என்றும் பெயர். பெயரும் ஒலியும் பொருந்துபவை ஓரிரண்டே. ஒலியோடு பெயர் ஒட்டாத இந்த அமைப்பு, எழுத்துகள் ஒலிகளின் குறியீடாகப் பிறக்கவில்லை, தமக்கெனத் தனி இருப்புடைய புனித உருவங்களாகப் பிறந்தன என்பதைக் காட்டுகிறது.

எனினும் அந்த இருபத்தோர் எழுத்துகள் எந்த ஒலிகளைக் குறிக்கின்றன என்று எண்ணிப் பார்த்தால் வேறொன்றும் தெரியவரும். அக்கால இலத்தீன் நெடுங்கணக்கில் இருபத்துமூன்று எழுத்துகள் இருந்தன. அவற்றுள் 'கே', 'ஒய்' என்னும் இரண்டை நீக்கினால் எஞ்சுவது தூதர் நெடுங்கணக்கேயாகும். 'கே' எழுத்தின் வேலையைச் 'சீ' எழுத்தும், 'ஒய்' எழுத்தின் வேலையை 'ஐ' எழுத்தும் செய்துவிடுகின்றன. இகரமும் அதன் மெய்வடிவமான யகரமும் ஒரே எழுத்து; உகரமும் வகரமும் ஒரே எழுத்து; அக்கால அச்சுக்கூடங்களில் இருந்த வழக்கமும் அதுவே. எபிரேயத்தின் தொண்டை ஒலிகளுக்கு இங்கே எழுத்தில்லை. 'சீ' எழுத்துக்கு ஒரு வடிவமும் 'எக்ஸ்' எழுத்துக்கு ஒரு வடிவமும் ஆதாமின் மொழியில் இருப்பது, அந்த எழுத்துகளை வரைந்த கை எந்தப் பள்ளியில் எழுதப் பழகியது என்பதைச் சொல்லிவிடுகிறது.

எழுத்துகளைத் தொடர்ந்து, 1583-ஆம் ஆண்டுப் பெரிய வெள்ளியன்று ஒரு புனித நூல் அருளப்படத் தொடங்கியது. எழுத்துக்கூட்டிப் படித்தால் 'லோ-அ-க-எத்' என்று வரும் அதன் பெயரை 'லோகா' என்று ஒலிக்க வேண்டும் என்பது அவர்களுக்குக் கிடைத்த அறிவுறுத்தல்; எழுத்துக்கும் ஒலிக்கும் இடையே இடைவெளி உண்டு என்பதை இம்மொழி தன் முதல் நூலின் பெயரிலேயே ஒப்புக்கொண்டது. நாற்பத்தொன்பது ஏடுகள் கொண்ட அந்நூலின் பக்கங்கள் பெரும்பாலும் ஒரு வரிக்கு 49 வீதம் 49 வரிகள், அதாவது 2401 கட்டங்கள் கொண்ட எழுத்துச் சதுரங்கள். ஆனால் முதல் ஏட்டின் பகுதிகள் எழுத்தெழுத்தாக வரவில்லை. சொற்களாக, ஓட்டமாக வந்தன. கல்லிலிருந்து நெருப்பு போன்ற ஒளி பாய்ந்து கெல்லியின் தலைக்குள் புகுந்ததும் அவர் உடல் நடுங்கப் படிக்கத் தொடங்கினார் என்றும், ஒளி விலகியதும் அவருக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை என்றும் டீ எழுதியுள்ளார். அந்நூலுக்கு மொழிபெயர்ப்பு கிடைக்கவே இல்லை. பொருள் தெரியாமல், ஓசை மட்டுமே தெரிந்த பகுதி இது.

ஓசையை மட்டும் கேட்டால் அது இனிமையானது. எதுகையும் மோனையும் போல ஒலிகள் திரும்பத் திரும்ப வருகின்றன; ஒரு மெய்யும் ஓர் உயிருமாக அசைகள் சீராக அடுக்கப்படுகின்றன; நாவுக்கு இடறில்லை. சமயப் பரவசத்தில் ஆட்பட்டோர் பொருளற்ற ஒலித்தொடர்களை மளமளவென்று பேசுவதைக் கிறித்தவ மரபில் அந்நியபாஷை பேசுதல் என்பர். அத்தகைய பேச்சை ஆராய்ந்த மொழியியலாளர் வில்லியம் சமாரின் 1972-இல் வெளியிட்ட நூலில், பேசுபவர் தம் தாய்மொழியில் ஏற்கெனவே உள்ள ஒலிகளையே எடுத்து, எளிய அசைகளாக்கித் திரும்பத் திரும்ப அடுக்குகிறார் என்று விளக்கினார். கெல்லி 1583-இல் உரக்கப் படித்த பகுதிகள் அந்த விளக்கத்துக்கு நன்றாகவே பொருந்துகின்றன. இங்கே ஒலி முதலில் பிறந்தது. எழுத்து அதனைப் பின்தொடர்ந்தது.

அடுத்த ஆண்டு நிலை தலைகீழாயிற்று. போலந்துப் பிரபு ஆல்பர்ட் லாஸ்கியோடு 1583 செப்டம்பரில் இங்கிலாந்தை விட்டுப் புறப்பட்ட இரு குடும்பங்களும் 1584-இல் கிராக்கோவ் நகரில் தங்கியிருந்தபோது, ஏப்ரல் முதல் ஜூலை வரையிலான மாதங்களில் 'அழைப்புகள்' எனப்படும் நாற்பத்தெட்டு மந்திரவுரைகள் பெறப்பட்டன. ஞானத்தின் வாயில்களைத் திறக்கும் சாவிகள் இவை என்றும், மொத்தம் நாற்பத்தொன்பது என்றும், முதலாவது இறைவனுக்கே உரியது ஆதலால் அதனை மனிதர் வாயால் உச்சரிக்கலாகாது என்றும் சொல்லப்பட்டது. இவற்றுள் கடைசி முப்பதும் உண்மையில் ஒரே உரைதான்; வானத்தின் அடுக்குகளாகக் கருதப்பட்ட முப்பது ஆகாயங்களுள் எதனை அழைக்கிறோமோ அதன் மூன்றெழுத்துப் பெயரை மட்டும் மாற்றிக்கொள்ள வேண்டும்.

இவை வந்த முறை வியப்பூட்டுவது. நல்வாகே என்னும் தூதர் எழுத்துகள் நிறைந்த பலகையின்மேல் நின்று கோலால் ஒவ்வோர் எழுத்தாகச் சுட்ட, கெல்லி அதனைக் கண்டு சொல்ல, டீ எழுதினார். எழுத்துகளோடு எண்களும் சேர்ந்தே வந்தன. தொடக்க அழைப்புகள் சொல்லின் கடைசி எழுத்திலிருந்து முதல் எழுத்தை நோக்கிப் பின்முகமாகச் சொல்லப்பட்டன. முன்முகமாக ஒலித்தால் அக்கணமே அழைக்கப்பட்டவை விழித்தெழுந்துவிடும் என்பது அதற்குக் கூறப்பட்ட காரணம். ஒரு சொல்லை அதன் ஓசை பிறக்காதவாறு கவனமாகப் பிரித்துக் கொடுப்பதும், வாங்கியவர் பின்னர் அதைத் திருப்பிக் கோத்து வாயால் சொல்லிப் பார்ப்பதுமாக நடந்த இந்தச் செயல், ஒலியின்மீது இருந்த அச்சத்துக்கும் மரியாதைக்கும் இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை என்னும்படி உள்ளது. சொற்களுக்கு ஆங்கிலப் பொருள் தனியாகக் கொடுக்கப்பட்டது. ஏறத்தாழ 250 வெவ்வேறு சொற்கள் மட்டுமே நமக்குக் கிடைத்துள்ளன. அவற்றுள் பாதிக்கு மேற்பட்டவை ஒரே ஒரு முறைதான் வருகின்றன.

எழுத்தெழுத்தாகப் பிறந்த மொழியின் தழும்பு அதன் சொற்களில் தெரிகிறது. எந்த மெய்யை அடுத்து எந்த மெய் வரலாம் என்பதைத் தமிழ் இலக்கணம் மெய்ம்மயக்கம் என்று பெயரிட்டு வரையறுப்பதுபோல், ஒவ்வொரு மொழிக்கும் ஒலிகள் அடுத்தடுத்து நிற்பதற்கான வரம்பு உண்டு. குழந்தை பேசத் தொடங்கும்போதே அந்த வரம்பும் நாவில் படிந்துவிடுகிறது. அழைப்புகளின் சொற்கள் பலவற்றில் அந்த வரம்பு இல்லை. 'கண்கள்' என்னும் பொருளுடைய சொல் ஒ, ஒ, அ, ஒ, ன, அ என்று உயிர்களின் மேல் உயிராக அடுக்கப்பட்டது. 'மற்றொன்று' என்னும் பொருளுடைய சொல் ஸ், ம், ன் என்ற மூன்று மெய்களில் தொடங்குகிறது. 'உறுப்புகள்' என்பதற்கான சொல் ம், ப், ட் என்று முடிகிறது. இருபதாம் ஆகாயத்தின் பெயரில் உயிரே இல்லை. இவற்றோடு ஒப்பிட, கடவுளைக் குறிக்கும் 'இயாத்', 'சொல்கிறார்' என்று பொருள்படும் 'கோஹோ', 'எழுக' என்று பொருள்படும் 'டார்சு', 'இதோ' என்று பொருள்படும் 'மிக்மா' ஆகிய சொற்கள் எவர் நாவிலும் எளிதாக அமர்கின்றன. ஓசையோடு பிறந்த சொற்களும் கட்டத்திலிருந்து பொறுக்கிக் கோத்த சொற்களும் ஒரே உரைக்குள் அருகருகே நிற்கின்றன.

அவற்றை ஒலித்துக் காட்டும் பொறுப்பு டீயின் தோள்மேல் விழுந்தது. அவர் தம் கையால் எழுதிய தூய படியில் பல சொற்களுக்கு அழுத்தக் குறியும், ஓரங்களில் உச்சரிப்புக் குறிப்பும் உள்ளன. அழுத்தம் என்பது ஆங்கிலச் சொல்லில் ஓர் அசையை மற்றவற்றைவிட ஓங்கி ஒலிப்பது. தமிழில் சொற்பொருளை மாற்றாத அது, ஆங்கிலத்தில் சொல்லின் அடையாளத்தோடு கலந்தது. தூதர் மொழிக்கும் அது இருக்கும் என்று டீ எதிர்பார்த்ததும், கேட்டறிந்து குறித்ததும் இயல்பே. ஒரு சொல்லை எத்தனை அசையாக ஒலிப்பது, தனித்து நிற்கும் மெய்யை அடுத்த ஒலியோடு சேர்ப்பதா அல்லது அந்த எழுத்தின் பெயராகவே சொல்வதா என்றெல்லாம் அவர் விடாமல் கேட்டிருக்கிறார். அளவுகோலும் கவராயமும் பிடித்துப் பழகிய கையின் கவனம் அந்த ஓரக் குறிப்புகளில் உள்ளது.

அக்குறிப்புகளிலிருந்து தெரியும் ஒலியமைப்பில் 'சீ', 'ஜீ' என்னும் இரண்டு எழுத்துகள் முக்கியமானவை. இலத்தீனில் 'சீ' எழுத்து எப்போதும் ககர ஒலிக்கே உரியதாக இருந்தது. இலத்தீனிலிருந்து பிரெஞ்சு முதலிய மொழிகள் கிளைத்தபோது, எகர இகரங்களின் முன் அந்த ஒலி நாவின் முன்பகுதிக்கு நகர்ந்து சகர ஒலியாயிற்று. நார்மானியர் வழியாக அந்த எழுத்துமுறை இங்கிலாந்துக்கு வந்தது. இது வரலாற்றில் நேர்ந்த ஒரு தற்செயல். அந்தத் தற்செயல் தூதர் மொழியிலும் இருக்கிறது: டீயின் குறிப்புகளின்படி 'சீ' எழுத்து சில இடங்களில் ககரமாகவும் சில இடங்களில் சகரமாகவும், 'ஜீ' எழுத்து சில இடங்களில் வல்லெழுத்தாகவும் சில இடங்களில் ஜகரமாகவும் ஒலிக்கின்றன. ரோமப் பேரரசு சிதைந்த காலத்தில் மக்கள் நாவில் நேர்ந்த ஒரு திரிபை, ஏதேனில் பேசிய ஆதாம் முன்னறிந்திருக்க வழியில்லை. இம்மொழி எங்கே உருவாயிற்று என்பதற்கு இதைவிட உறுதியான ஒலிச் சான்று வேறில்லை என்றே கொள்ளலாம்.

ஆனாலும் அது ஆங்கிலம்போல் ஒலிப்பதில்லை. ஏன் என்பதும் கவனிக்கத்தக்கது. சகரத்தைத் தொண்டை அதிர ஒலித்தால் பிறக்கும் 'ஜெட்' ஒலி ஆங்கிலத்தில் சொல்லின் முதலில் அரிதாகவே வரும். முப்பது ஆகாயங்களின் பெயர்களுள் ஏழு அந்த ஒலியில் தொடங்குகின்றன. 'இருக்கிறேன்' என்று பொருள்படும் 'ஜிர்' முதலிய அடிப்படைச் சொற்களும் அதிலேயே தொடங்குகின்றன. புதிய ஒலி எதுவும் சேர்க்கப்படவில்லை. தாய்மொழியில் ஓரமாகக் கிடந்த ஒலி நடுவே கொண்டுவரப்பட்டது. அவ்வளவில் மொழி அந்நியமாகிவிட்டது. கெல்லி இதனைத் திட்டமிட்டுச் செய்தாரா, தம்மையறியாமல் செய்தாரா என்ற வழக்கு எப்படித் தீர்ந்தாலும், செவியின் நுட்பம் அவரிடம் இருந்தது என்பது உறுதி.

மந்திர ஆற்றலுக்கும் ஒலிக்கும் உள்ள உறவைத் தூதர்களே விளக்கியதாக வரும் இரண்டு இடங்கள் கிராக்கோவ் குறிப்புகளில் உள்ளன. ஆதாம் பாவம் செய்வதற்கு முன் இம்மொழியில் தூதர்களோடு பேசினான் என்றும், தோட்டத்தை விட்டு வெளியேறிய பின் நினைவில் எஞ்சியதைக் கொண்டு எபிரேயத்தை ஆக்கினான் என்றும், அதில் உண்மை வடிவங்களும் உண்மை உச்சரிப்பும் இல்லாததால் முன்னைய வலிமை இல்லாமற்போயிற்று என்றும் ஓரிடத்தில் காண்கிறோம். மற்றோர் இடம் இன்னும் நுட்பமானது. 'உண்மை' என்பதற்கான சொல் 'வூஅன்' என்றும் 'வாஒஅன்' என்றும் இருவிதமாக வந்தபோது, எது சரி என்று டீ கேட்டார். வீழ்ந்த தூதர்களோடு பேசும்போது முதல் வடிவமும், மகிமையில் நிலைத்திருக்கும் தூதர்களோடு பேசும்போது இரண்டாம் வடிவமும் வரும் என்பதும், வீழ்ந்தவர்கள் தங்கள் ஒலிகளின் மாண்பை இழந்துவிட்டார்கள் என்பதும் கிடைத்த விடை. ஓர் உயிரொலி மாறுவது பாவத்தின் அடையாளமாகும் இந்தக் கருத்து, பதினாறாம் நூற்றாண்டு ஒலியைப் பற்றி எண்ணியவற்றுள் மிக அழகான ஒன்று. எழுதும்போது நேர்ந்திருக்கக்கூடிய ஒரு பிசகைக்கூட அது பொருளுடையதாக்கிவிட்டது.

பிராகா, திரெபோன் என்று அலைந்த பின் இருவரும் பிரிந்தனர். டீ 1589-இல் கெல்லியின்றி இங்கிலாந்து திரும்பினார். அவர் மறைந்த பிறகு ஏடுகள் இரண்டு வழியாகப் பிழைத்தன. ராபர்ட் காட்டன் என்னும் சேகரிப்பாளரின் நூலகத்துக்குச் சென்றவற்றை மெரிக் கசாபன் என்னும் சமய அறிஞர் 1659-இல் அச்சிட்டார். ஆவிகளோடு உறவாடுவதன் ஆபத்தை எச்சரிப்பதே அவர் நோக்கம். மற்றொரு தொகுதி, ஒரு மரப்பெட்டியின் இரகசிய அறைக்குள் இருந்தது. பெட்டியை வாங்கியிருந்த இலண்டன் மிட்டாய்க் கடைக்காரர் குடும்பத்துக்கு 1662-இல்தான் அது தெரியவந்தது. தெரிவதற்குள்ளும் தெரிந்த பின்னும் ஏடுகள் தப்பியது அரிது, ஏனெனில் வீட்டுப் பணிப்பெண் அவற்றுள் ஒரு பகுதியைத் தின்பண்டத் தட்டுகளுக்கு அடியில் விரித்துத் தீர்த்துவிட்டாள். 1666-இல் இலண்டன் எரிந்தபோது பெட்டி சாம்பலாயிற்று. எடுத்துச்சென்ற ஏடுகள் மிஞ்சின. அவற்றை 1672-இல் பழம்பொருள் அறிஞர் ஈலியாஸ் ஆஷ்மோல் பெற்றார். உச்சரிப்புக் குறிப்புகள் கொண்ட தூய படியும் அவற்றுள் அடக்கம். பிறகு ஹான்ஸ் ஸ்லோன் தொகுப்பின் வழியாக அவை பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தைச் சேர்ந்தன. இன்று பிரிட்டிஷ் நூலகத்தில் உள்ளன. டீயின் குறிப்புகளெல்லாம் அரசாங்க வேவுச் செய்திகளை மறைத்த மறைகுறியெழுத்து என்று அறிவியலாளர் ராபர்ட் ஹூக் 1690-இல் ஒரு சொற்பொழிவில் கருதினார். ஒலியைப் பற்றி அவர் கவலைப்படவில்லை.

இம்மொழியை உண்மையாகவே வாய்விட்டு ஓதும் மரபு பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் பிறந்தது. இலண்டனில் 1888-இல் தொடங்கப்பட்ட பொன் வைகறைச் சங்கம் என்னும் மறைவியல் அமைப்பில் வெஸ்ட்காட், மேத்தர்ஸ் ஆகியோர் தூதர் மொழியைச் சடங்குகளின் நடுவே வைத்தனர். சடங்கில் ஓத வேண்டுமானால் 'ஸ்ம்ன்' என்று தொடங்கும் சொல்லை என்ன செய்வது? அவர்கள் எபிரேயத்தின் வழியைப் பின்பற்றினர். எபிரேய எழுத்தில் மெய்கள் மட்டுமே எழுதப்பட்டு உயிர்கள் வாசிப்பவரால் சேர்க்கப்படுவதால், அதுபோலவே தூதர் மொழியிலும் ஒவ்வொரு மெய்க்கும் அதற்கு இணையான எபிரேய எழுத்தின் பெயரில் உள்ள உயிரைச் சேர்த்து ஒலிக்கலாம் என முடிவு செய்தனர். 'ஆள்கிறேன்' என்னும் பொருளுடைய 'சோன்ஃப்' என்ற ஓரசைச் சொல் 'சோனுஃப்' என்று ஈரசையாயிற்று. காற்றுக்குரிய 'எக்ஸார்ப்' என்னும் பெயர் 'எக்ஸ்-ஆர்-பே' என்று நீண்டது. மெய்யை இயக்க அகரம் துணைவரும் என்று தொல்காப்பியம் சொல்லும் இயல்பான அடிப்படையைத் தமிழ் வாசகர் இங்கே நினைவுகூரலாம். ஆனால் சங்கத்தார் சேர்த்த உயிர்கள் இயக்கத்துக்கு மட்டும் சேர்க்கப்பட்டவை அல்ல, ஓதும்போது ஒவ்வோர் எழுத்தும் முழங்க வேண்டும் என்பதற்காகவே சேர்க்கப்பட்டவை. அவர்களுக்கு மந்திரம் என்பது உடல் அதிர ஒலிப்பது.

அவர்கள் நிலைப்படுத்திய மற்றொரு வழக்கு ஒரு சிறு தவறான வாசிப்பிலிருந்து வளர்ந்தது. 'ஜோட்' என்பது 'ஜெட்' எழுத்துக்கு ஆங்கிலத்தில் இருந்த பழைய பெயர். அந்த எழுத்தைச் சில இடங்களில் பெயராகவே தனியே ஒலிக்க வேண்டும் என்பதற்காக வந்த குறிப்பை, எல்லா இடங்களுக்கும் உரிய விதியாக அவர்கள் கொண்டனர். 'அசைக' என்னும் பொருளுடைய 'ஜாக்காரே' அதனால் 'ஜோடாக்காரே' ஆயிற்று. அலிஸ்டர் குரோலி 1909-இல் அல்ஜீரியப் பாலைநிலத்தில் கவிஞர் விக்டர் நியூபர்க் உடன்வர, ஆகாயம் ஒவ்வொன்றாக அழைத்துக் காட்சிகளை எழுதச் செய்தபோது ஓதியது இந்த மரபையே. 1969-இல் அன்டன் லவே தம் நூலில் அழைப்புகளை அச்சிட்டபோதும் இந்த நீட்டிய வடிவங்களே வந்தன. இன்று உலகெங்கும் இம்மொழியை ஓதுவோர் பலரின் செவியில் உள்ள ஓசை, கிராக்கோவ் அறையில் கேட்ட ஓசை அன்று. விக்டோரியா காலத்து இலண்டனில் எபிரேயம் கற்ற ஆங்கிலேயர் அமைத்த ஓசை.

ஒலியமைப்பை முதன்முதலாக மொழியியல் நோக்கில் முழுமையாக ஆராய்ந்தவர் ஆஸ்திரேலிய அறிஞர் டொனால்ட் லேகாக். பாப்புவா நியூகினி மொழிகளை ஆண்டுக்கணக்கில் செவியால் கேட்டு எழுதிய களப்பணியாளரான அவர் 1978-இல் வெளியிட்ட ஏனோக்கிய அகராதியில், முன் வந்த நூலுக்கும் பின் வந்த அழைப்புகளுக்கும் ஒலி அடுக்கில் உள்ள வேறுபாட்டை எடுத்துக்காட்டினார். முன்னது பரவசப் பேச்சுக்கு நெருங்கியது என்றும், பின்னதன் சொற்கள் எழுத்துகளைத் தன்போக்கில் தொகுத்தது போன்றவை என்றும், ஒலியும் இலக்கணமும் ஆங்கிலத்தை ஒட்டியவை என்றும் நிறுவினார். வினைச்சொற்களிலும் அதே சாயல்: 'இருக்கிறேன்', 'இருக்கிறது', 'இருந்தது' என்பவற்றுக்கு ஆங்கிலத்தில் ஒன்றோடொன்று தொடர்பில்லாத சொற்கள் இருப்பதுபோலவே இங்கும் உள்ளன.

இத்தகைய ஆராய்ச்சிக்கு முன்னோடி ஜெனீவாவில் நடந்தது. ஹெலன் ஸ்மித் என்னும் புனைபெயரால் அறியப்பட்ட பெண் செவ்வாய்க் கிரக மொழி பேசியதை உளவியலாளர் தியோடர் ஃபுளூர்நுவா 1900-இல் ஆராய்ந்து, அதன் ஒலிகள் அனைத்தும் பிரெஞ்சு ஒலிகளே என்று காட்டினார். அதே பெண் சமஸ்கிருதம் போன்ற ஒன்றைப் பேசியபோது அதனைக் கேட்டு ஆராய்ந்தவர்களுள் மொழியியலாளர் சோசூரும் ஒருவர். அந்தப் பேச்சில் 'ஃப' ஒலி வரவே இல்லை என்பது கவனிக்கப்பட்டது. 'பிரெஞ்சு' என்ற சொல்லே அந்த ஒலியில் தொடங்குவதால், தாய்மொழியை மறைக்க விரும்பிய மனம் தன்னையறியாமல் அதனை விலக்கியது என்று விக்டர் ஆன்ரி 1901-இல் விளக்கம் தந்தார். மறைத்த ஒலியும் மிகுத்த ஒலியும் ஒரே உண்மையைத் தான் பேசுகின்றன. கெல்லி மிகுத்தது 'ஜெட்'.

இந்த முடிவுகள் டீயின் ஏடுகளின் மதிப்பைக் குறைப்பதில்லை. ஒரு மொழி தன் பேச்சாளர் அறியாத ஒலியை உண்டாக்க இயலாது என்பதை அவை காட்டும் அளவுக்கே, தாம் அறியாத ஒலியைச் சரியாகச் சொல்லிவிட வேண்டும் என்று ஒருவர் எவ்வளவு பாடுபட முடியும் என்பதையும் காட்டுகின்றன. டீ அந்த அழைப்புகளைத் தூய படியாக எழுதியபோது தூதர் சொல்லை ஒரு வரியிலும் அதன் ஆங்கிலப் பொருளை அதனோடு சேர்த்தும் எழுதினார். ஐம்பத்தாறு வயதைக் கடந்த ஒரு கணித அறிஞரின் சிறிய, சீரான கையெழுத்தில், சொற்களின் தலைமேல் இட்ட அழுத்தக் குறிகள் இன்றும் மங்காமல் தெரிகின்றன.